பொழுதுத் தச்சு: பத்து மடங்கு அறைக்கு அளவுகளும் விதிகளும்

#1 ஓடைக்கல்

நம் கூட்டுக் கதையுலகத்தில் பொழுதுத் தச்சு என்ற கைத்தொழிலுக்கு இதுவரை பேரும் புகழும் மட்டும்தான் இருக்கிறது. தச்சர் ஒரு அறையைக் கட்டுகிறார், உள்ளே இருப்பவருக்குப் பத்து மணி கழியும்போது வெளியே ஒரு மணி கழிகிறது. இவ்வளவுதான் எழுதி வைத்திருக்கிறோம். என்ன சாமான் வேண்டும், எந்த வரிசையில் வேலை நடக்கும், எங்கே கோளாறு வரும் என்று ஒருவரும் எழுதவில்லை. அதனால்தான் ஒவ்வொரு கதையிலும் தச்சர் மந்திரவாதி மாதிரி கையசைத்துவிட்டுப் போய்விடுகிறார்.

ஒரே ஒரு புனைவை மட்டும் அனுமதிப்போம். ஒரு இடத்தைச் சுற்றி ‘விளிம்பு’ கட்டலாம். விளிம்புக்கு உள்ளே பொழுது வேறு விகிதத்தில் ஓடும். மற்றதெல்லாம் நமக்குத் தெரிந்த இயற்பியலின்படியே நடக்கட்டும்.

என் வரைவு இது: 3 மீட்டர் நீள அகல உயரமுள்ள அறை. ஒரு கதவு, வெளிச்சத்துக்கு ஒரு ஜன்னல், காற்றுக்கு ஒரு குழாய். விகிதம் 10. உடைத்துப் பாருங்கள்.

#2 சுடர்நிழல்

ஜன்னலை முதலில் அடைத்துவிடுங்கள்.

வெளியிலிருந்து வரும் ஒளியின் அதிர்வெண் உள்ளே பத்தில் ஒன்றாகிவிடும். நம் கண்ணுக்குத் தெரிவது சுமார் 400 முதல் 700 நானோமீட்டர் வரை. அது உள்ளே போனதும் 4000 முதல் 7000 ஆகிறது, அதாவது வெறும் அகச்சிவப்பு. நட்ட நடுப்பகலிலும் அந்த ஜன்னல் கறுப்பாகத்தான் இருக்கும்.

இருட்டு சின்னப் பிரச்சினை. குளிர்தான் பெரியது. 300 கெல்வினில் (சாதாரண அறை வெப்பநிலை) இருக்கும் வெளியுலகம் உள்ளே இருப்பவருக்கு 30 கெல்வின் பொருளாகத் தெரியும். 300 கெல்வினில் உள்ள கரிய பரப்பு சதுர மீட்டருக்கு 459 வாட் வெப்பத்தை வீசும். திரும்பி வருவது 0.046 வாட். வெப்பம் போய்க்கொண்டே இருக்கும், வரவு கிடையாது. சாதாரணச் சுண்ணாம்புச் சுவர் வைத்த 54 சதுர மீட்டர் அறை சுமார் 22 கிலோவாட் இழக்கும். உள்நேரப்படி அரை மணிக்குள் தண்ணீர் உறையத் தொடங்கும்.

வெளியே நிற்பவருக்கு நேர்மாறு: அறை 3000 கெல்வின் பொருளாகத் தெரியும். உள்ளிருந்து வரும் ஒவ்வொரு ஃபோட்டானும் பத்து மடங்கு ஆற்றலோடு வரும், வினாடிக்குப் பத்து மடங்கு எண்ணிக்கையிலும் வரும். ஆக நூறு மடங்கு: சதுர மீட்டருக்கு 46 கிலோவாட். உச்சி வெயில் தோராயமாக 1 கிலோவாட் என்பதை நினைவில் வையுங்கள்.

#3 பொன்னி

சுடர் அண்ணா, ஒரு சந்தேகம். வெளியே 3000 கெல்வின் பொருளாகத் தெரியும் என்றால் அதன் வீச்சு பத்தாயிரம் மடங்கு ஆக வேண்டுமே? வெப்பநிலையின் நான்காம் அடுக்கு அல்லவா? நூறு மடங்கு என்கிறீர்கள்.

#4 சுடர்நிழல்

சரியான இடத்தில் கேட்டீர்கள் பொன்னி. பளபளப்பு பத்தாயிரம் மடங்குதான், ஆனால் அது எல்லாத் திசையிலும் பரவாது. விளிம்பு ஒரு ஒளிவிலகல் பரப்பு மாதிரி வேலை செய்யும். வேக அறையிலிருந்து வரும் ஒளி, விளிம்புக்குச் செங்குத்தான கோட்டைச் சுற்றி 5.7 பாகைக் கூம்புக்குள் ஒடுங்கிவிடும் (சைன் மதிப்பு 0.1). அந்தக் கூம்பு ஒடுங்கியதால் நூற்றில் ஒரு பங்கு. 10000-ஐ 100-ஆல் வகுத்தால் 100. இரண்டு வழியிலும் ஒரே விடை வருகிறது. வராவிட்டால் எங்கோ ஆற்றல் இலவசமாகக் கிடைக்கிறது என்று அர்த்தம், அந்த விதியைக் குப்பையில் போட வேண்டியதுதான்.

இந்தக் கூம்பு கதைக்கு அருமையான பொருள். சுவரில் ஒரு சின்ன ஓட்டை இருந்தால் அதற்கு நேர் எதிரே நிற்பவர் கண்ணுக்கு பல்பின் இழை நிறத்தில் கூர்மையான ஒரு புள்ளி தெரியும். ஒரு மீட்டர் தள்ளி நின்று, ஒரு சாண் பக்கவாட்டில் நகர்ந்தால் அந்தப் புள்ளி அணைந்தே போகும்.

#5 தராசுமுள்

கதவையும் குழாயையும் நான் அடைக்கிறேன்.

பொழுதின் விகிதம் இடத்துக்கு இடம் மாறுவதைத்தான் பொதுச் சார்பியலில் ஈர்ப்பு என்கிறோம். பூமியிலேயே ஒரு மீட்டர் உயர்ந்தால் கடிகாரம் ஏறத்தாழ 10¹⁶-இல் 1 பங்கு வேகமாகும். 1959-60-இல் பவுண்ட், ரெப்கா என்ற இயற்பியலாளர்கள் 22.5 மீட்டர் உயரத்தில் காமாக் கதிரை வைத்து இதை அளந்தார்கள். 2010-இல் வெறும் 33 சென்டிமீட்டர் உயர வித்தியாசத்தையே ஒளி அணுக்கடிகாரங்கள் காட்டிவிட்டன. அந்த நுண்ணிய மாற்றம்தான் கல்லைக் கீழே விழவைக்கிறது.

இப்போது ஓடைக்கல்லின் கதவுக்கு வருவோம். ஒரு மீட்டர் நீள நடைவழியில் விகிதம் 1-லிருந்து 10 ஆகிறது. அங்கே ஈர்ப்பு முடுக்கம் வினாடி வர்க்கத்துக்கு சுமார் 2×10¹⁷ மீட்டர். நியூட்ரான் விண்மீன் மேற்பரப்பைவிட ஏறக்குறைய லட்சம் மடங்கு. திசையும் முக்கியம்: மெதுவான பக்கமே பள்ளம். வேக அறை மலையுச்சியில் இருக்கிறது, வெளியுலகம் அடிவாரத்தில்.

உள்ளிருந்து காற்று கசிந்தால் என்ன ஆகும்? ஒரு மைக்ரோகிராம் வெளியே விழும்போது 810 மெகாஜூலோடு வரும். 190 கிலோ டிஎன்டி வெடிமருந்துக்குச் சமம். ஆகவே ஒரு விதி கட்டாயம் வேண்டும்: கட்டியிருக்கும்போது விளிம்பு பொருளுக்குச் சுவர், ஒளிக்கு மட்டும் திறப்பு. விசை கடத்தலாம், தட்டினால் கேட்கலாம், ஆனால் ஒரு அணுகூடத் தாண்டாது. ஆள் உள்ளே போய் உட்கார்ந்த பிறகுதான் கட்ட வேண்டும். கட்டு அவிழ்ந்த பிறகுதான் வெளியே வர வேண்டும்.

#6 ஓடைக்கல்

விதியை ஏற்கிறேன். கதவு சாதாரணக் கதவாகவே இருக்கட்டும், விளிம்பு அதற்கு வெளியே ஓடட்டும்.

ஆனால் ஆள் உள்ளே இருக்கும்போதே அறை முழுவதையும் மலையுச்சிக்கு ஏற்றுகிறோம் என்றால், அந்த ஏற்றத்துக்கான ஆற்றல் எங்கிருந்து வரும்?

#7 தராசுமுள்

இந்த இடத்தில்தான் தொழிலின் உயிர் இருக்கிறது, கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

விகிதம் 10 ஆனால் அறையின் நிறை-ஆற்றல் வெளிக்கணக்கில் பத்து மடங்காகிறது. ஒவ்வொரு கிலோவுக்கும் 8.1×10¹⁷ ஜூல் போட்டாக வேண்டும். எந்த நெருப்பும் அருவியும் இதைத் தராது. தரக்கூடியது ஒன்றுதான்: இன்னொரு பொருளைப் பள்ளத்தில் இறக்குவது. ஒரு கல்லின் பொழுதைப் பத்தில் ஒன்றாக்கினால், கிலோவுக்கு அதன் நிறை-ஆற்றலில் 0.9 பங்கு வெளிவரும். அறைக்கு வேண்டியது கிலோவுக்கு 9 பங்கு. ஒரு கிலோ அறைக்குப் பத்துக் கிலோ கல் என்று கணக்கு நேராகிறது. விகிதம் 3 என்றால் அறைக்கு 2 பங்கு வேண்டும், கல் மூன்றில் இரண்டு பங்கு தரும், அப்போது மூன்று கிலோ. பள்ளத்தில் இறக்கும் இந்தக் கல்லை ஈட்டுக்கல் என்போம். எந்த விகிதத்துக்கும் இதே சூத்திரம்:

ஈட்டுக்கல்லின் எடை = அறையின் எடை × விகிதம்.

ஆகவே தச்சர் ஒரு விளிம்பு கட்டுவதில்லை, இரண்டு கட்டுகிறார். ஒன்று வேக அறை, இன்னொன்று கல் இருக்கும் மந்த அறை. ஒருவர் கூடுதலாகப் பெறும் பொழுதை இன்னொரு பொருள் இழந்தாக வேண்டும் என்ற தத்துவம் இங்கே வெறும் சொல்லாக நிற்கவில்லை, தராசில் நிற்கிறது.

ஓடைக்கல்லின் அறைக்குத் தோராய எடை போட்டேன்: காற்று 32 கிலோ, ஆள் 60, தண்ணீர்த்தொட்டி 100, தரையும் உள்கூடும் கட்டிலும் சேர்த்து 600. மொத்தம் 800 என்று வைப்போம். ஈட்டுக்கல் 8000 கிலோ. கருங்கல்லாக இருந்தால் சுமார் 3 கன மீட்டர்.

#8 பொன்னி

அப்படியானால் கட்டிய பிறகு எடை மாறுமா?

#9 தராசுமுள்

மாறும். 800 கிலோ அறை வெளித்தரையை 8000 கிலோவாக அழுத்தும். 8000 கிலோ கல் 800 கிலோவாக நிற்கும். கூட்டுத்தொகை 8800, முன்னும் பின்னும் அதே. உள்ளே இருப்பவருக்கு எதுவும் தெரியாது, அவர் கால் தரையை எப்போதும்போல்தான் அழுத்தும்.

இதில் ஒரு அளவுகருவி இலவசமாகக் கிடைக்கிறது. கல்லுக்கடியில் ஒரு வில்தராசு வையுங்கள். முள் 8000-லிருந்து இறங்கி 7200-இல் நின்றால் அறையின் விகிதம் 2, 5600-இல் நின்றால் 4, 800-ஐத் தொட்டால் 10. தச்சரின் கண் கடிகாரத்தில் இருக்கக் கூடாது, இந்த முள்ளில் இருக்க வேண்டும்.

#10 மூலைமட்டம்

எடை மாற்றத்தைக் கேட்டதும் அஸ்திவாரம்தான் நினைவுக்கு வந்தது. கட்டுமான வரிசையைச் சொல்கிறேன், விட்டுப்போனதைச் சேருங்கள்.

முதலில் அறைக்கான மேடை. 8 டன் தாங்குவது பெரிய காரியமில்லை, ஆனால் நான்கு மூலையும் ஒரே அளவு அமர வேண்டும். அறையை நான்கு கருங்கல் முளைகள் மேல் உட்காரவையுங்கள், ஒவ்வொன்றும் 10 × 10 சென்டிமீட்டர். கட்டு ஏறியதும் முளைக்கு 2 டன், அதாவது அழுத்தம் 2 மெகாபாஸ்கல். கருங்கல்லுக்கு இது ஒன்றுமே இல்லை. ஆனால் முளைக்கடியில் உள்ள மண் ஒரு மூலையில் 2 சென்டிமீட்டர் அமுங்கினால் அறை சாய்ந்துவிடும். அதனால் ஆள் ஏறுவதற்கு முன் மேடையில் 8 டன் எடை ஏற்றி, மண் அமர்ந்து முடியும்வரை விட்டுவிட வேண்டும். இதைத் தவிர்க்கும் தச்சரைக் கதையில் வில்லனாக வைக்கலாம்.

அடுத்தது இரட்டைக்கூடு. உள்கூடு, அதைச் சுற்றி 5 சென்டிமீட்டர் இடைவெளி, பிறகு ஒளி புகாத வெளிக்கூடு. விளிம்பு அந்த இடைவெளியின் நடுவே ஓட வேண்டும். முளையும் உள்கூடும் முட்டும் மூட்டில் மட்டும் அது இரு கல்லுக்கு இடையே புகுந்து போகும். ஒரே பொருளின் ஊடே விளிம்பு ஓடக் கூடாது. ஓடினால் கட்டும் நொடியில் அந்தப் பொருள் அங்கேயே துண்டாகும். இடைவெளியில் மறந்துபோன ஒரு சாந்துக்கரண்டி, வெளியே நீட்டியிருக்கும் ஆணி, கதவிடுக்கில் சிக்கிய துணி முனை எல்லாம் வெட்டுப்படும். சாய்ந்த அறையின் மூலை இடைவெளியைத் தாண்டிவிட்டால் மூலையே போய்விடும்.

கட்டுவதற்கு முன் இடைவெளி முழுக்க ஒரு நூலை இழுத்துச் சுற்றிக்கொண்டு வாருங்கள். எங்கே தடுக்குகிறதோ அங்கே வேலை பாக்கி.

மந்த அறைக்கும் இதே முறைதான். கல் சமமாகச் செதுக்கியதாக இருக்கட்டும், 1.44 மீட்டர் கனசதுரம். விரிசல் இருந்தால் தள்ளிவிடுங்கள், காரணம் சுடர்நிழல் சொல்வார்.

#11 சுடர்நிழல்

சொல்கிறேன். மந்த அறையில் எல்லாம் தலைகீழ். கல்லின் பார்வையில் வெளியுலகம் 3000 கெல்வின் அடுப்பு. சதுர மீட்டருக்கு 46 கிலோவாட் உள்ளே பாயும். வெளியே 4 மணி 48 நிமிடம் போனால் கல்லுக்கு 29 நிமிடம்தான். அந்த 29 நிமிடத்தில் வெப்பம் கருங்கல்லுக்குள் சில சென்டிமீட்டர்தான் இறங்க முடியும், மீதி எல்லாம் மேல்தோலில் தேங்கும். தோல் விரியும், உள்ளே குளிர்ந்தே இருக்கும், படபடவென்று செதில் செதிலாகத் தெறிக்கும். விரிசல் இருந்தால் கல் இரண்டாகும்.

இரண்டு அறைக்கும் மருந்து ஒன்றுதான்: பளபளப்பான அலுமினிய ஃபாயில், பத்து அடுக்கு, ஒன்றையொன்று தொடாமல். பளபளப்புள்ள அலுமினியத்தின் உமிழ்திறன் (வெப்பத்தை வீசும் திறன், கரிய பரப்புக்கு 1) 0.05 என்று வைத்தால், பத்துத் திரை போட்ட பிறகு சதுர மீட்டருக்கு இழப்பு சுமார் 1.07 வாட். அடுக்குகளுக்கு இடையே காற்று இல்லாதபோதுதான் இந்தக் கணக்கு நிற்கும். காற்று இருந்தால் அது வெப்பத்தைக் கடத்தி அடுக்கையே வீணாக்கிவிடும். ஆகவே ஃபாயில் அடுக்கு உள்கூட்டின் வெளிப்பக்கத்தில் காற்று நீக்கிய பெட்டிக்குள் இருக்க வேண்டும்.

வேக அறைக்கு 54 சதுர மீட்டர் × 1.07 = சுமார் 58 வாட். உட்கார்ந்திருக்கும் ஆளின் உடல் வெப்பம் சுமார் 100 வாட். மீதி 42 வாட் உள்ளே தங்கும். அதற்குத்தான் தொட்டி. 48 உள்மணியில் 7.3 மெகாஜூல், 100 லிட்டர் தண்ணீரை 17 பாகை சூடாக்கும். 10 பாகையில் தொடங்கினால் 27-இல் முடியும். தண்ணீரை மூடிய செப்புத் தொட்டியில் வையுங்கள், திறந்து வைத்தால் ஈரம் ஏறிச் சுவரெல்லாம் வியர்க்கும்.

ஃபாயிலில் தொட்ட கைரேகை, தூசு, மடிப்பு எல்லாம் உமிழ்திறனைக் கூட்டும். ஒரு அடுக்கு இன்னொன்றைத் தொட்டால் அந்த இடத்தில் இரண்டும் ஒன்றாகிவிடும்.

#12 மூலைமட்டம்

வெளிக்கூட்டுக்கு எவ்வளவு சூடு வரும்?

#13 சுடர்நிழல்

58 வாட் × 100 = 5.8 கிலோவாட். சதுர மீட்டருக்கு 107 வாட், உச்சி வெயிலில் பத்தில் ஒரு பங்கு. வெளிக்கூட்டின் மேல் காற்றோட்டம் இருந்தால் போதும், சுற்றிலும் அடைத்த நிலவறையில் கட்டாதீர்கள்.

வெளிக்கூட்டில் முகத்துக்கு ஒன்றாகக் கண்ணாடி போட்ட பார்வைத்துளை வையுங்கள். ஃபாயில் நன்றாக இருந்தால் உள்ளே மங்கலான மஞ்சள் ஒளி சீராகத் தெரியும். கிழிந்த இடம் பல்பு இழை மாதிரி எரியும். கூம்பு ஒடுக்கம் என்பதால் ஒரு துளையிலிருந்து எதிரே உள்ள சிறு வட்டம்தான் தெரியும், ஆகவே துளைகளை நெருக்கமாக வைக்க வேண்டும். கண்ணாடி கட்டாயம். உள்ளே ஒருவர் கிழிசலுக்கு எதிரே விளக்கேற்றினால், அந்த 500 நானோமீட்டர் பச்சை வெளியே 50 நானோமீட்டராக வரும். உடலின் அணுக்களை அயனியாக்கும் புற ஊதா அது. சாதாரணக் கண்ணாடி அதை நிறுத்திவிடும்.

#14 வடம்பிடி

மின்சாரம்? பொருள் தாண்டாது என்றால் கம்பி போகாது. ஆனால் விளிம்பின் இரு பக்கமும் இரண்டு சுருள் வைத்தால் காந்தப்புலம் தாண்டுமே. 50 ஹெர்ட்ஸ் உள்ளே 5 ஹெர்ட்ஸ் ஆகும், 50-க்குச் செய்த டிரான்ஸ்ஃபார்மரின் இரும்பு நிறைவுற்றுச் சூடாகிவிடும் என்பதுதான் என் கவலை.

#15 தராசுமுள்

நிறைவுறாது. இரும்பு நிறைவுறுவது மின்னழுத்தத்தை அதிர்வெண்ணால் வகுத்த அளவைப் பொறுத்தது. ஒளிக்கு ஆற்றல் பத்தில் ஒன்றாகிறது என்றால் மின்சாரத்துக்கும் அதேதான். 230 வோல்ட் 50 ஹெர்ட்ஸ் உள்ளே 23 வோல்ட் 5 ஹெர்ட்ஸ். வகுத்தால் அதே 4.6. இரும்புக்கு ஆபத்து இல்லை, ஆனால் பயனும் சொற்பம்: வெளியே 2300 வாட் கொடுத்தால் உள்ளே 23 வாட். ஒரு எல்இடி விளக்குக்குப் போதும்.

மின்னழுத்தத்துக்கு மட்டும் விலக்குக் கொடுத்தீர்களானால் உலகமே குலையும். உள்ளே முழு மின்சாரத்தை வாங்கி, ஒளியாக்கி வெளியே அனுப்பி, நூறு மடங்காக அறுவடை செய்யலாம். ஒரு கதையில் ஒருவர் இதைக் கண்டுபிடித்தால் அதற்கப்புறம் எந்தக் கதைக்கும் விறகுவெட்டி தேவையில்லை. எல்லாவற்றுக்கும் ஒரே விகிதம், விலக்கு எதற்கும் இல்லை.

#16 பொன்னி

உள்ளே இருப்பவரோடு பேச முடியுமா? மூச்சுக்கு என்ன வழி?

#17 கன்னல்நீர்

பேசுவதற்கு ரேடியோ இருக்கிறது. உள்ளே 10 மெகாஹெர்ட்ஸில் அனுப்பினால் வெளியே 100 மெகாஹெர்ட்ஸில் கேட்கும், சாதாரண எஃப்எம் அலைவரிசை. குரல் பத்து மடங்கு வேகத்தில் வரும், பதிவு செய்து மெதுவாக்கிக் கேட்க வேண்டும். அந்த அதிர்வெண்ணை எண்ணினால் விகிதமும் வில்தராசைவிடப் பல மடங்கு நுட்பமாகத் தெரியும். ஃபாயில் அலையைத் தடுக்கும், அதனால் ஆன்டெனா ஃபாயிலுக்கு வெளியே, விளிம்புக்கு உள்பக்கம் இருக்க வேண்டும். மின்சாரம் இல்லாத கதைக்காலம் என்றால் முளையைத் தட்டுங்கள். உள்ளே பத்து வினாடிக்கு ஒரு தட்டு, வெளியே வினாடிக்கு ஒன்று.

மூச்சு: ஓய்வில் இருப்பவர் மணிக்குச் சுமார் 12 லிட்டர் கரியமில வாயு விடுவார். 27 கன மீட்டர் அறையில் 22 மணி நேரத்தில் ஒரு சதவீதம் ஆகும், 48 மணியில் இரண்டைத் தாண்டும். தலைவலி தொடங்கிவிடும். அந்த வாயுவை உறிஞ்சும் சோடா சுண்ணாம்பு 6 கிலோ, தட்டையான தட்டுகளில் பரப்பி வைத்தால் போதும். ஆக்சிஜன் 21 சதவீதத்திலிருந்து 18-க்கு மேலேயே நிற்கும், தனியாக வேண்டியதில்லை.

கடிகாரத்தைப் பற்றி ஒரு வார்த்தை. 48 உள்மணி என்பது 120 நாழிகை, வெளியே 12 நாழிகை. வெளியே நாழிகை வட்டில் (அடியில் நுண்துளை உள்ள கிண்ணம், தண்ணீரில் நாழிகைக்கு ஒருமுறை மூழ்கும்) 12 முறை மூழ்கினால் அவிழ்க்கும் நேரம். இது வெளியே சரி, உள்ளே வேண்டாம். தண்ணீரின் பாகுத்தன்மை 10 பாகையில் 1.31 மில்லிபாஸ்கல்-வினாடி, 30 பாகையில் 0.80. அறை குளிர்ந்தால் நுண்துளை வட்டில் கணிசமாகத் தாமதிக்கும், உள்ளே இருப்பவர் நேரம் நிறைய இருக்கிறது என்று நம்பி உட்கார்ந்திருப்பார். உள்ளே 99.4 சென்டிமீட்டர் ஊசல் வையுங்கள். எஃகுத் தண்டு என்றால் ஒரு பாகைக்கு நாளுக்கு அரை வினாடிதான் மாறும்.

#18 வடம்பிடி

பத்துக்குப் பதிலாக மூன்று வைத்தால் எல்லாம் எளிதாகுமே. கல் 2400 கிலோ போதும்.

#19 சுடர்நிழல்

வெளிப்பக்கம் எளிதாகும், உள்பக்கம் ஆகாது. வெளிக்கூட்டுக்கு வரும் சூடு நூறு மடங்குக்குப் பதில் ஒன்பது மடங்கு. கல்லுக்கு வெளியுலகம் 900 கெல்வின், சதுர மீட்டருக்கு 4.1 கிலோவாட், கல் பிழைக்கும். ஆனால் உள்ளே இருப்பவருக்கு வெளி 100 கெல்வின். 459 வாட் போய் 5.7 வாட் வருகிறது. குளிர் ஏறக்குறைய அதேதான், ஃபாயிலில் ஒரு அடுக்குகூடக் குறைக்க முடியாது.

கசிவைக் கண்டுபிடிப்பதும் கடினமாகிறது. பொருள் கண்ணுக்குச் செம்மையாகத் தெரியத் தொடங்குவது 800 கெல்வின் அளவில். விகிதம் 2.7-க்குக் கீழே கிழிசல் ஒளிராது, கையால் வெப்பம் தடவித்தான் பார்க்க வேண்டும். பழகுநருக்கு மூன்று நல்ல அளவு. இருட்டறையில் மங்கிய சிவப்பு தெரியும், கல்லும் உடையாது.

#20 பொன்னி

பின்னோக்கிப் போகும் தச்சு உண்டா? அதையும் இதிலேயே சேர்க்கலாமா?

#21 தராசுமுள்

வேண்டாம் பொன்னி, இந்தத் தொழிலில் அதற்கு இடமில்லை. நாம் செய்வதெல்லாம் முன்னோக்கிய பொழுதின் வேகத்தை மாற்றுவது. பின்னோக்கிய பாதைகளைச் சார்பியல் சமன்பாடுகளில் கோடெல் 1949-இல் காட்டினார், புழுத்துளை வழி கிப் தோர்னும் உடனிருந்தவர்களும் 1988-இல் எழுதினார்கள், இயற்கை அதைத் தடுக்கும் என்று ஹாக்கிங் 1992-இல் வாதாடினார். புழுத்துளை வழியிலும் அந்தப் பொறி உருவான நாளுக்கு முன்னால் போக முடியாது. தனி இழையாகத் தொடங்குங்கள், எழுத நிறைய இருக்கிறது.

#22 ஓடைக்கல்

அவிழ்ப்பு மட்டும் பாக்கி. விகிதத்தைத் திடீரென்று இறக்கினால் என்ன?

#23 மூலைமட்டம்

உள்ளே இருப்பவருக்கு ஒன்றும் ஆகாது, அறை முழுக்க ஒரே விகிதம். மேடைதான் அடி வாங்கும். 8 டன் அழுத்தம் நொடியில் 800 கிலோவாகக் குறைந்தால் மண் மீண்டெழும்போது முளை உதறும், இடைவெளி போய்விடும். மறுபக்கம் கல் 800-லிருந்து 8000-க்குத் தாவும், வில்தராசு முறியும். ஏற்றும்போதும் இறக்கும்போதும் 2, 4, 6, 8 என்று படிப்படியாக, ஒவ்வொரு படியிலும் முள் அசையாமல் நின்ற பிறகு அடுத்தது. நான்கு பக்க இடைவெளியையும் படிக்கொருமுறை பாருங்கள்.

#24 தராசுமுள்

ஒரு விஷயம் விடுபட்டுவிட்டது. 48 உள்மணியில் அறை 58 வாட் வீதம் 10 மெகாஜூலை ஒளியாக இழந்திருக்கிறது. அந்த அளவுக்கு அறை இலேசாகிவிட்டது. இறங்கும்போது கல்லைத் தூக்கத் தர வேண்டியதில் 90 மெகாஜூல் குறையும். கல் முழுதாக மேலே வராது.

எவ்வளவு குறையும்? 8000 கிலோவின் நிறை-ஆற்றல் 7.2×10²⁰ ஜூல். 90 மெகாஜூல் அதில் சுமார் 1.25×10⁻¹³ பங்கு. அவிழ்த்த பிறகும் கல்லின் பொழுது அந்த அளவுக்குப் பின்தங்கியே இருக்கும். பூமியில் 1100 மீட்டர் மலையுச்சிக் கடிகாரத்துக்கும் அடிவாரக் கடிகாரத்துக்கும் உள்ள வேறுபாடு இதே அளவுதான். எடையில் ஒரு மைக்ரோகிராம் குறைவு. கண்ணுக்கோ தராசுக்கோ தெரியாது, ஒளி அணுக்கடிகாரம் தெளிவாகக் காட்டும்.

ஒவ்வொரு கட்டிலும் இந்தப் பாக்கி கூடும். பாக்கி உள்ள கல்லைச் சுற்றி மெல்லிய விளிம்பு ஒன்று அவிழாமல் கிடக்கும் என்று அர்த்தம், பொருள் அதைத் தாண்டாது. உளி கல்லைத் தொடாது, வழுக்கிக்கொண்டு போகும். பழைய ஈட்டுக்கல்லை மறுபடி செதுக்கவோ, உடைத்து வேறு வேலைக்கு எடுக்கவோ முடியாது. முதல் கட்டுக்கு முன்பே கல்லின் ஆறு முகத்தையும் முடித்துவிட வேண்டும்.

#25 மூலைமட்டம்

அப்படியானால் கல்லைத் தூக்குவதற்கான கயிற்றுக் குழிகளையும் முதலிலேயே வெட்டிவிட வேண்டும். கீழ்முகத்தில் இரண்டு, ஒரு சாண் அகலம், மூலையிலிருந்து முழம் தள்ளி.

#26 பொன்னி

பாக்கியை அடைக்க வழியே இல்லையா தராசு அண்ணா?

#27 தராசுமுள்

இருக்கிறது. வடம்பிடி சொன்ன சுருள்தான். கட்டு இருக்கும்போதே வெளியிலிருந்து சுருள் வழியாக 5.8 கிலோவாட் கொடுத்துக்கொண்டே இருந்தால் உள்ளே 58 வாட் போய்ச் சேரும். இழப்பும் வரவும் சமம், அறையின் எடை குறையாது, கல் முழுதாக மேலே வரும். ஆனால் உள்ளே அந்த 58 வாட்டும் வெப்பமாகத் தங்கும், தொட்டி 42 வாட்டுக்குப் பதில் 100 வாட்டையும் குடிக்க வேண்டும். 100 லிட்டர் போதாது, 240 ஆக்குங்கள். அறை 140 கிலோ கூடும், ஈட்டுக்கல் 9400.